முட்டுக்கட்டை முதல் பிரேக் பேட் வரை

போடிநாயக்கனூருக்குத் தெற்கே, தேவாரம் செல்லும் வழியில், மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் ராசிங்காபுரம் என்னும் ஊர் இருக்கிறது. இந்த வட்டாரத்து மக்களுக்குப் பிழைப்பு பாதி சமவெளியில், பாதி மலைமேல். காலையில் ஜீப்புகளில் ஏலத் தோட்டங்களுக்கு ஏறும் தொழிலாளர்கள் மாலையில் இறங்கி வருகிறார்கள். ஏலக்காய் மூட்டைகளும் இறங்குகின்றன. அண்மைக் காலமாக, கிராஸ்ஓவர் எனப்படும் உயரமான கார்களும் இந்த மலைப்பாதைகளில் நிறைய ஓடுகின்றன. போடியிலிருந்து போடிமெட்டுக்குச் செல்லும் சாலையில் 17 கொண்டை ஊசி வளைவுகள் உள்ளன. மேட்டிலிருந்து ஊருக்கு வந்து சேர்வதற்குள் வண்டி ஏறத்தாழ 1000 மீட்டர் உயரத்தைக் கீழே விட்டுவிடுகிறது.

மலை ஏறுவது எஞ்சினின் வேலை என்பது எல்லோருக்கும் தெரியும். அப்படியானால் இறங்குவது யாருடைய வேலை?

வாசகர்களே, ஒரு சிறு கணக்குப் போட்டுப் பாருங்கள். ஆட்களோடும் சாமான்களோடும் சேர்ந்து 1500 கிலோ எடையுள்ள ஒரு கார் 1000 மீட்டர் இறங்கினால், அது இழக்கும் நிலை ஆற்றல் ஏறத்தாழ ஒன்றரைக் கோடி ஜூல். ஆற்றலை அழிக்க முடியாது என்பது நாம் பள்ளியில் படித்த பாடம். இந்த ஒன்றரைக் கோடி ஜூலும் எங்காவது போய்த்தான் ஆக வேண்டும். காற்றின் எதிர்ப்பும், டயரின் உருளலும், கியரில் ஓடும் எஞ்சினின் இழுவையும் ஒரு பங்கை ஏற்றுக்கொள்கின்றன. எஞ்சியது முழுவதும் பிரேக்கில் வெப்பமாக மாறுகிறது. இந்த ஆற்றல் அத்தனையும் வெப்பமானால், 50 லிட்டர் தண்ணீரைக் கொதிநிலைக்குக் கொண்டுவரப் போதும். பெரிய கல்யாண அண்டா நிறையத் தண்ணீர்!

பிரேக் வேகத்தைத் தடுக்கிறது என்று சொல்கிறோம். உண்மையில் அது வேகத்தை வெப்பமாக மாற்றுகிறது. அந்த வெப்பத்தைத் தாங்கி, தாங்கும்போதும் பிடியை விடாமல், தானும் சிறிது சிறிதாகத் தேய்ந்துகொண்டே இருக்க ஒரு பொருள் வேண்டும். அந்தப் பொருளைத் தேடிய கதையே பிரேக்கின் வரலாறு. தேடியவர்களில் பலர் மலைச்சரிவில் இறங்கியவர்கள் என்பது கவனிக்கத்தக்கது.

மரமும் இரும்பும்

தமிழில் 'முட்டுக்கட்டை போடுவது' என்றால் ஒரு காரியத்தைத் தடுப்பது என்று பொருள். அந்தச் சொல் பிறந்த இடம் வண்டிச் சக்கரத்தின் அடிதான். தேரோட்டத்தில் இன்றும் இதைக் காணலாம். பல டன் எடையுள்ள தேரைப் பக்தர்கள் வடம் பிடித்து இழுக்க, சக்கரத்தின் ஓரமாகவே நடந்து வரும் ஆட்கள் சரியான நொடியில் மரக்கட்டையைச் சக்கரத்தின் முன் செருகுகிறார்கள். தேர் திரும்புவதும் நிற்பதும் அந்தக் கட்டையால்தான். கட்டை தேய்கிறது, சில நேரங்களில் புகைகிறது, பயனற்றுப் போனால் வேறு கட்டை வருகிறது. திருவாரூர் ஆழித்தேருக்குத் திருச்சி பெல் நிறுவனத்தின் உதவியால் இரும்பு அச்சுகளும் ஹைட்ராலிக் பிரேக்கும் பொருத்தப்பட்டன. ஆனாலும் தேருக்கு முட்டுக்கட்டைக்காரர்கள் இல்லாமல் முடிவதில்லை.

மாட்டு வண்டிக்காரர்கள் இதையே வேறு விதமாகச் செய்தார்கள். சக்கரங்களை ஒட்டிக் குறுக்காக ஒரு மரத்தைக் கட்டி, இறக்கத்தில் அதைக் கயிற்றால் இழுத்து, சக்கரத்தின் இரும்புப் பட்டாவின்மேல் அழுத்தினார்கள். மரம் தேயும், இரும்பு நிற்கும். பின்னாளில் வந்த எல்லா பிரேக்குகளுக்கும் இதுவே அடிப்படை விதி: இரண்டில் ஒன்று தேய வேண்டும், எளிதில் மாற்றக்கூடியதே தேய வேண்டும்.

ஆனால் மரத்துக்கு ஓர் எல்லை உண்டு. சூடேறினால் கருகும், மழையில் நனைந்தால் வழுக்கும். போடி மலைகளில் நிறையச் சரக்கை இறக்க நேர்ந்தபோது, தேயிலைக் கம்பெனியார் சக்கரத்தின் உதவியை நாடாமலேயே வழி தேடினார்கள். 1902-இல் மூணாறுப் பகுதியில் மாடுகள் இழுக்கும் ஒற்றைத் தண்டவாள வண்டி அமைக்கப்பட்டது. 1908-இல் அது சிறு ரயில் பாதையாயிற்று. அந்தப் பாதை மலை விளிம்பில் உள்ள டாப் ஸ்டேஷனோடு நின்றது. அங்கிருந்து தேயிலைப் பெட்டிகள் கம்பிவடத்தில் தொங்கியபடி அடிவாரத்துக் கொட்டகுடிக்கு இறங்கின. பிறகு வண்டியில் போடிக்கு வந்தன. 1924-ஆம் ஆண்டுப் பெருவெள்ளம் அந்த ரயில் பாதையை அழித்துவிட்டது. அதன்பின் மலையையும் சமவெளியையும் இணைக்கும் பொறுப்பு மெல்ல மெல்ல மோட்டார் வண்டிகளின் தலையில் விழுந்தது. அதற்குள் மோட்டார் வண்டி தன் மரக்கட்டையை விட்டுவிட்டிருந்தது. அது எப்படி என்பதைக் காண ஐரோப்பாவுக்குச் செல்ல வேண்டும்.

செருப்புத் தைப்பவர் தந்த விடை

1888 ஆகஸ்டில் ஜெர்மனியின் மன்ஹைம் நகரில் பெர்த்தா பென்ஸ் என்னும் பெண்மணி, தம் கணவர் கார்ல் பென்ஸ் செய்த மோட்டார் வண்டியில் இரண்டு மகன்களை ஏற்றிக்கொண்டு, கணவரிடம் சொல்லாமலே 100 கிலோமீட்டருக்கு மேல் தொலைவில் இருந்த தாய்வீட்டுக்குப் புறப்பட்டார். மோட்டார் வண்டியின் முதல் நெடும்பயணம் அது. ஏற்றங்களில் பிள்ளைகள் வண்டியைத் தள்ளினார்கள். இறக்கங்களில் வேறு தொல்லை: மரத்தாலான பிரேக் கட்டைகள் மளமளவென்று தேய்ந்தன. பெர்த்தா வழியில் ஒரு செருப்புத் தைப்பவரிடம் வண்டியை நிறுத்தி, கட்டைகளின்மேல் தோலை வைத்து ஆணி அடிக்கச் சொன்னார். உலகின் முதல் 'பிரேக் லைனிங்' அதுதான் என்று மோட்டார் வரலாறு கூறுகிறது. இந்த யோசனையின் நுட்பத்தைக் கவனியுங்கள். தாங்குவதற்கு ஒரு பொருள், தேய்வதற்கு அதன்மேல் வேறொரு பொருள்! இன்று உங்கள் காரில் இருக்கும் பிரேக் பேடும் இதுவேதான். பின்னால் எஃகுத் தகடு தாங்குகிறது; முன்னால் ஒட்டிய உராய்வுப் பொருள் தேய்கிறது.

ஒன்பது ஆண்டுகள் கழித்து, 1897-இல், இங்கிலாந்தின் டெர்பிஷயர் மலைப்பகுதியில் ஹெர்பெர்ட் ஃப்ரூட் என்பவர் இதே சிக்கலை ஆராய்ந்தார். குதிரை வண்டிக்காரர்கள் இறக்கத்தில் மரக்கட்டைக்கும் சக்கரத்துக்கும் இடையே பழைய பூட்சைச் செருகி வண்டியைப் பிடிப்பதை அவர் கண்டாராம். நூலையும் முடியையும் நெய்து, பிசினில் ஊறவைத்து, கட்டைகளுக்கு உறையாக்கி விற்கத் தொடங்கினார். தம் பெயரின் எழுத்துகளைக் கலைத்து, கூடவே ஓர் எழுத்தும் சேர்த்து, அவர் உண்டாக்கிய பெயர்தான் 'ஃபெரோடோ'. குதிரை வண்டிக்கு இந்த உறை போதுமானதாக இருந்தது. மோட்டார் வண்டியின் வேகம் கூடியபோது நூல் கருகிற்று. வேகம் இரு மடங்கானால் இயக்க ஆற்றல் நான்கு மடங்காகும் அல்லவா? 40 கிலோமீட்டர் வேகத்தில் தாங்கிய பொருள் 80-இல் நான்கு பங்கு வெப்பத்தைத் தாங்க வேண்டும்.

கருகாத நார் ஏதேனும் உண்டா? உண்டு. அதன் பெயர் கல்நார், ஆங்கிலத்தில் ஆஸ்பெஸ்டாஸ். பூமியில் வெட்டியெடுக்கப்படும் இந்தக் கனிமத்தைப் பஞ்சுபோல் பிரிக்கலாம், நூலாக நூற்கலாம், துணியாக நெய்யலாம், தீயில் எரியாது. 1908 அளவில் ஃப்ரூட் கல்நாரைப் பயன்படுத்தத் தொடங்கினார். லியோ பேக்லண்ட் 1907-இல் கண்டுபிடித்த பேக்கலைட் வகைப் பிசின் பின்னர் இதற்குக் கைகொடுத்தது. நாரும் பிசினும் பொடிகளும் கலந்து, அச்சில் அழுத்திச் சுட்டால் வேண்டிய வடிவில் லைனிங் கிடைத்தது. விலை குறைவு, உழைப்பு அதிகம், பிடிப்பும் நன்று. அடுத்த 70 ஆண்டுகளுக்கு உலகத்து வண்டிகளில் பெரும்பாலானவை கல்நாரின் தயவில்தான் நின்றன.

தூசி கேட்ட விலை

தேயும் பொருள் தூசியாகும். அந்தத் தூசி எங்கே போகிறது என்று நெடுங்காலம் யாரும் கேட்கவில்லை.

இங்கிலாந்தின் ராச்டேல் நகரில் கல்நார் ஆலையில் வேலை செய்த நெல்லி கெர்ஷா என்ற பெண் 1924-இல் தமது 33-ஆம் வயதில் இறந்தார். அவருடைய நுரையீரலைச் சோதித்த டாக்டர் குக், அதில் கனிமத் துகள்களையும் தழும்புகளையும் கண்டு மருத்துவ இதழில் எழுதினார். 1927-இல் அந்நோய்க்கு 'ஆஸ்பெஸ்டோசிஸ்' என்று பெயர் வழங்கலாயிற்று. 1931-இல் பிரிட்டனில் ஆலைத் தூசியைக் கட்டுப்படுத்தும் விதிகள் வந்தன. 1955-இல் ரிச்சர்டு டால், கல்நார் ஆலைத் தொழிலாளரிடையே நுரையீரல் புற்றுநோய் மிகுந்திருப்பதைப் புள்ளிவிவரத்தோடு நிறுவினார். 1960-இல் தென்னாப்பிரிக்காவில் வாக்னரும் அவருடைய தோழர்களும், நுரையீரலின் உறையைத் தாக்கும் மீசோதீலியோமா என்னும் அரிய புற்றுநோய்க்கும் கல்நாருக்கும் உள்ள தொடர்பை வெளியிட்டனர்.

இந்த நோய்களின் கொடுமை அவற்றின் பொறுமையில் இருக்கிறது. மூச்சில் போன நார் 20, 30, 40 ஆண்டுகள் கழித்தே நோயாகத் தலைகாட்டும். பட்டறையில் டிரம்மைக் கழற்றி, காற்றுக் குழாயால் 'புஸ்' என்று ஊதிச் சுத்தம் செய்த பையனுக்கு அன்று இருமல் கூட வந்திருக்காது.

இதில் நியாயமாகச் சொல்ல வேண்டிய ஒன்றும் உண்டு. பிரேக் பிடிக்கும்போது எழும் வெப்பத்தில் கல்நாரின் பெரும்பகுதி தன் நார்த்தன்மையை இழந்து வேறு கனிமமாக மாறிவிடுகிறது. ஆகவே தேய்ந்து விழும் தூசி முழுவதும் கல்நார் அன்று. ஆனால் எஞ்சும் பங்கும் தீங்கானதே. அதைவிட, புதிய லைனிங்கை ஆலையில் அறுப்பவர்களும், பட்டறையில் துளையிட்டு ரிவெட் அடிப்பவர்களும், அரத்தால் தேய்த்துப் பொருத்துபவர்களும் நேரடியாக நாரைச் சுவாசித்தார்கள். வண்டியில் போனவர் பத்திரமாக இறங்கினார். அதற்கான விலையின் ஒரு பங்கை வண்டியைப் பழுது பார்த்தவர் செலுத்தினார்.

பிரிட்டன் 1999-இலும், ஐரோப்பிய ஒன்றியம் முழுவதும் 2005-இலும் கல்நாரைத் தடை செய்தன. நம் உச்ச நீதிமன்றம் 1995-இல் வழங்கிய தீர்ப்பு ஒன்றில், கல்நார்த் தொழிலாளரின் உடல்நலப் பதிவேட்டை வேலையில் சேர்ந்த நாளிலிருந்து குறைந்தது 40 ஆண்டுகளாவது காக்க வேண்டும் என்று ஆணையிட்டது. அந்த 40 ஆண்டு என்ற எண், நோய் எவ்வளவு காலம் ஒளிந்திருக்கும் என்பதை நீதிமன்றம் உணர்ந்திருந்ததைக் காட்டுகிறது.

டிரம்மிலிருந்து டிஸ்க்குக்கு

பொருள் மாறிய கதையோடு வடிவம் மாறிய கதையையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 1902-ஆம் ஆண்டிலேயே இரண்டு வடிவங்களும் பிறந்துவிட்டன. பிரான்சில் லூயி ரெனோ, சக்கரத்தோடு சுழலும் இரும்புக் குடத்தின் உட்புறத்தில் வளைந்த கட்டைகள் விரிந்து அழுத்தும் டிரம் பிரேக்கைக் கொண்டுவந்தார். இங்கிலாந்தில் ஃபிரெடரிக் லான்செஸ்டர், சுழலும் தட்டை இருபுறமும் இடுக்கிபோல் பிடிக்கும் டிஸ்க் பிரேக்குக்குக் காப்புரிமை பெற்றார். அவர் வைத்த தாமிரத் தகடுகள் காதைத் துளைக்கும் கூச்சலிட்டன. விரைவில் தேய்ந்தும் போயின. டிரம் வென்றது, டிஸ்க் ஐம்பது ஆண்டு காத்திருந்தது.

டிரம்மின் வெற்றிக்குக் காரணம், சுழலும் டிரம் கட்டையைத் தானே தன்பக்கம் இழுத்து அழுத்தத்தைப் பெருக்கும் குணம். காலின் வேலை குறைந்தது. மால்கம் லாகீட் வடிவமைத்த, எண்ணெய் அழுத்தத்தால் இயங்கும் ஹைட்ராலிக் பிரேக் 1921-இல் அமெரிக்காவின் டூசன்பர்க் காரில் நான்கு சக்கரங்களுக்கும் வந்தபின், நான்கும் ஒரே சீராக அழுந்தின.

ஆனால் நீண்ட இறக்கத்தில் டிரம் காலை வாரிவிடும். வெப்பம் குடத்துக்குள் அடைபட்டுக் கிடக்கும். சூடான டிரம் விரிந்து கட்டையை விட்டு விலகும். பெடல் ஆழமாக இறங்கும். லைனிங்கில் உள்ள பிசின் வேகத் தொடங்கி ஆவியை வெளியிட, கட்டை அந்த ஆவிப் படலத்தின்மேல் வழுக்கும். உராய்வு சிறிது குறைந்தாலும், முன்பு பெருக்கிக் கொடுத்த அந்தக் குணமே இப்போது இழப்பையும் பெருக்கிவிடும். ஓட்டுநர்கள் 'பிரேக் எடுக்கவில்லை' என்று சொல்வது இதைத்தான். நான்கு சக்கரங்களிலும் டிரம் பிரேக் கொண்ட பழைய ஜீப்புகளை மலையிலிருந்து இறக்கியவர்கள் இந்தப் பாடத்தைப் புத்தகம் இல்லாமலே படித்தவர்கள். 'எந்த கியரில் ஏறினாயோ அந்த கியரிலேயே இறங்கு' என்று மூத்த ஓட்டுநர்கள் இளையவர்களுக்குச் சொல்லும் அறிவுரை, பிரேக்கின் வெப்பப் பங்கை எஞ்சினுக்குப் பிரித்துக் கொடுக்கும் இயற்பியல்தான்.

1953-இல் பிரான்சின் லெ மான் நகரில் நடந்த 24 மணி நேரக் கார்ப் பந்தயத்தில் டன்லப் டிஸ்க் பிரேக் பொருத்திய ஜாகுவார் கார் வென்றது. அந்தப் பந்தயத்தில் சராசரி வேகம் மணிக்கு 100 மைலைத் தாண்டியது அதுவே முதல் முறை. மற்றவர்கள் வளைவுக்கு வெகுமுன்பே பிரேக்கை மிதிக்க வேண்டியிருந்தது. ஜாகுவார் ஓட்டியவர்களோ கடைசி வரை வேகத்தில் வந்து நிதானமாகப் பிடித்தார்கள். டிஸ்க் காற்றில் திறந்து சுழல்வதால் வெப்பம் உடனே வெளியேறுகிறது. சூட்டில் விரிந்தாலும் பேடை நோக்கியே விரிகிறது. நனைந்தால் நீரை உதறிவிடுகிறது. 1955-இல் வந்த சிட்ரோன் டி.எஸ். கார் முன்சக்கரங்களில் டிஸ்க் பிரேக்கோடு பெருமளவில் விற்பனைக்கு வந்தது.

ஏன் முன்சக்கரங்களில்? பேருந்தில் நின்றுகொண்டே பயணம் செய்தவருக்கு விடை தெரியும். பிரேக் பிடித்தால் உடல் முன்னோக்கிச் சாய்கிறது. வண்டியின் பாரமும் அவ்வாறே முன்சக்கரங்களின்மேல் சாய்வதால், நிறுத்தும் வேலையில் முக்கால் பங்கு வரை முன்பிரேக்குகளே செய்கின்றன. கிராஸ்ஓவர் காரில் இது இன்னும் கூடுதல். காரின் உடற்கட்டையே உயர்த்திச் செய்த வண்டி அது. உயரம் கூடினால் பாரச்சாய்வும் கூடும். எடையும் சிறிய காரைவிட அதிகம். முன் பேடுகள் பின் பேடுகளுக்கு முன்னரே தேய்ந்துபோவது இதனால்தான்.

பாடியில் பிறந்த பிடிப்பு

நம் நாட்டில் இந்தத் தொழில் வேரூன்றியது சென்னையில். மதுரையில் 1911-இல் டி.வி.சுந்தரம் ஐயங்கார் தொடங்கிய நிறுவனம் பேருந்து ஓட்டத்தில் கால்வைத்து, பின்னர் மோட்டார் உதிரிப் பாகங்களுக்கு வளர்ந்தது. அக்குழுமத்தின் கூட்டுறவில் 1962-இல் சென்னையை அடுத்த பாடியில் பிரேக்ஸ் இந்தியா தோன்றியது. 1964-இல் ரானே பிரேக் லைனிங் நிறுவனமும், 1974-இல் சுந்தரம் பிரேக் லைனிங்ஸ் நிறுவனமும் வந்தன. இறக்குமதியை எதிர்பார்த்திருந்த ஒரு பொருள் நம் வீட்டு வாசலிலேயே உருவாயிற்று.

அதற்குரிய மூலப்பொருள்களும் பல நம் பக்கத்தவையே. ஒரு பேடில் 10 முதல் 20 வகைப் பொருள்கள் வரை கலந்திருக்கும். பாரத்துக்கும் நிரப்பலுக்கும் பேரைட் பொடி. ஆந்திரத்தில் கடப்பையை அடுத்த மங்கம்பேட்டை உலகின் பெரிய பேரைட் சுரங்கங்களில் ஒன்று. பிடிப்பு ஒரே சீராக இருக்கக் கிராஃபைட். சிவகங்கைப் பகுதியில் கிடைக்கும் அதே கனிமம். இன்னொன்றைச் சொன்னால் வியப்பீர்கள்: முந்திரிக்கொட்டையின் ஓட்டிலிருந்து வடியும், கையில் பட்டால் புண்ணாக்கும் அந்தக் கறுப்பு எண்ணெய்! அதைப் பிசினாக்கி, இறுக்கி, பொடித்துப் பேடில் கலக்கிறார்கள். அது பேடுக்குச் சிறிது மென்மை தந்து, அதிர்வையும் கூச்சலையும் அடக்குகிறது. பண்ருட்டியில் முந்திரி உடைக்கும் பெண்கள் கைக்குச் சாம்பல் பூசிக்கொண்டு விலக்கிவைக்கும் எண்ணெய், உலகெங்கும் கார்களை ஓசையின்றி நிறுத்த உதவுகிறது.

கல்நாருக்குப் பின் மூவர்

கல்நார் விலகிய இடத்துக்கு ஒரே பொருள் வரவில்லை. மூன்று குடும்பங்கள் வந்தன.

முதலாவது, செமி மெட்டாலிக் எனப்படும் பாதி உலோகப் பேட். எஃகு நாரும் இரும்புப் பொடியும் மிகுந்தது. கடும் வெப்பத்தைத் தாங்கும். ஆனால் டிஸ்க்கைச் சற்று வேகமாகத் தேய்க்கும். ஓசையும் கறுப்புத் தூசியும் அதிகம்.

இரண்டாவது, கல்நாரற்ற ஆர்கானிக் பேட். 1965-இல் ஸ்டெஃபானி குவோலெக் என்ற பெண் விஞ்ஞானி கண்டுபிடித்த கெவ்லர் வகை நார், கண்ணாடி நார், பிசின், முந்திரிப் பொடி ஆகியவற்றால் ஆனது. மிருதுவாகவும் ஓசையின்றியும் பிடிக்கும். நீண்ட நேரச் சூட்டில் மற்றவற்றுக்கு முன்பே தளரும்.

மூன்றாவது, செராமிக் பேட். சுட்ட பீங்கான் வகை நார்கள் கொண்டது. தூசி குறைவு, ஓசை குறைவு, பிடிப்பு சீரானது, விலை அதிகம்.

கல்நாரோடு தூசியின் கதை முடிந்துவிடவில்லை. வெப்பத்தைக் கடத்துவதற்காகப் பேடுகளில் சேர்க்கப்பட்ட தாமிரம் மழைநீரோடு ஓடைகளில் கலந்து மீன்களுக்குக் கேடு செய்வது தெரியவந்தது. அமெரிக்காவில் கலிஃபோர்னியா, வாஷிங்டன் மாநிலங்கள் 2010-இல் சட்டம் இயற்றி, 2025 முதல் தாமிரத்தின் அளவை அரை சதவிகிதத்துக்குக் கீழ் இறக்கின. ஐரோப்பா 2024-இல் நிறைவேற்றிய யூரோ 7 விதிகள், புகைக் குழாயைப் போலவே பிரேக் தூசிக்கும் முதன்முறையாக வரம்பு கட்டின. நம் மலைச்சாலைகளில் படியும் தூசியும் மழையில் ஓடைக்குத்தான் போகிறது. அந்த ஓடைகளின் நீர் நாம் குடிக்கும் நீர்.

உங்கள் வண்டிக்கு எது?

இவ்வளவு வரலாற்றையும் அறிந்தவர் கடைக்குப் போய் என்ன கேட்க வேண்டும்?

முதலில் உங்கள் சாலையை நினையுங்கள். தேனி, மதுரை என்று சமவெளியிலேயே ஓடும் காருக்கு, வண்டி செய்தவர்கள் பொருத்திய அதே வகைப் பேட் போதும். ராசிங்காபுரம், போடி வட்டாரத்திலிருந்து ஆளும் சுமையுமாக அடிக்கடி மலை ஏறி இறங்கும் கிராஸ்ஓவருக்குச் சூட்டைத் தாங்கும் பாதி உலோக வகையோ நல்ல செராமிக் வகையோ ஏற்றது. பந்தயக் கார்ப் பேடுகளின் பக்கம் போகாதீர்கள். அவை சூடேறிய பின்புதான் நன்றாகப் பிடிக்கும். காலையில் வீட்டு வாசலில் குறுக்கே ஆடு வந்தால் அவை உங்களுக்கு உதவா.

பேடின் விளிம்பிலோ முதுகுத் தகட்டிலோ பெரும்பாலும் இரண்டு ஆங்கில எழுத்துகள் பொறிக்கப்பட்டிருக்கும். முதல் எழுத்து சாதாரணச் சூட்டிலும், இரண்டாவது கடும் சூட்டிலும் உள்ள உராய்வு எண்ணைக் குறிக்கும். 'ஈ' என்றால் 0.25 முதல் 0.35 வரை, 'எஃப்' என்றால் 0.35 முதல் 0.45 வரை, 'ஜி' என்றால் 0.45 முதல் 0.55 வரை. 'எஃப் எஃப்' என்றிருந்தால் சூட்டிலும் பிடிப்பு குறையவில்லை என்று பொருள். 'எஃப் ஈ' என்றிருந்தால் சூடேறும்போது தளர்கிறது. மலைச்சாலைக்கு அது ஆகாது. எழுத்தே இல்லாத, தயாரித்தவர் பெயரில்லாத, விலை மட்டும் மலிவான பேடை வாங்காதீர்கள். 'கல்நார் கலவாதது' என்ற குறிப்பையும் பெட்டியில் தேடுங்கள்; அது பழுது பார்ப்பவருக்கு நீங்கள் செய்யும் உதவி.

புதிய பேடில் உராய்வுப் பொருள் ஒரு சென்டிமீட்டர் அளவில் இருக்கும். 3 மில்லிமீட்டருக்கு வந்துவிட்டால் மாற்றிவிட வேண்டும். பல பேடுகளில் ஒரு சிறு எஃகு நாக்கு உண்டு. பேட் தேய்ந்ததும் அது டிஸ்க்கை உரசிக் கீச்சிட்டு எச்சரிக்கும். அந்தக் கீச்சலை ரேடியோவின் சத்தத்தைக் கூட்டி மறைத்துவிடாதீர்கள்! ஒரு பக்கம் மட்டும் மாற்றுவது தவறு. வண்டி ஒரு பக்கமாக இழுக்கும். இடம், வலம் இரண்டையும் ஒன்றாக மாற்ற வேண்டும். டிஸ்க்கின் குறைந்தபட்சத் தடிமன் அதிலேயே பொறிக்கப்பட்டிருக்கும். அதற்குக் கீழே தேய்ந்திருந்தால் டிஸ்க்கும் மாற வேண்டும். காலிப்பர் நகரும் ஊசிகள் துருவேறிச் சிக்கியிருந்தால், புதிய பேடும் ஒருபுறமாகத் தேய்ந்து வீணாகும்.

வேலை நடக்கும்போது சமதளத்தில் வண்டியை நிறுத்தி, பின்சக்கரத்துக்கு முட்டுக்கட்டை வைத்து, ஜாக்கியை மட்டும் நம்பாமல் ஸ்டாண்டின்மேல் வண்டியை நிறுத்த வேண்டும். தூசியைக் காற்றால் ஊத வேண்டாம். ஈரத் துணியாலோ பிரேக் கிளீனராலோ துடைக்கச் சொல்லுங்கள். வேலை முடிந்து வண்டியை நகர்த்தும் முன், பெடல் இறுகும் வரை பலமுறை மிதித்துப் பார்க்க வேண்டும். பிஸ்டன் பின்னுக்குத் தள்ளப்பட்டிருப்பதால் முதல் மிதியில் பிரேக் பிடிக்காது. முதல் சில நூறு கிலோமீட்டருக்குக் கடுமையாகப் பிரேக் பிடிக்காமல், நிதானமாக ஓட்டிப் பேடும் டிஸ்க்கும் ஒன்றோடொன்று பழகவிடுங்கள். மாற்றிய அன்றே மலை இறங்குவது கூடாது.

பிரேக் எண்ணெயையும் மறக்கலாகாது. அது காற்றின் ஈரத்தை உறிஞ்சும் குணமுடையது. டாட் 4 வகை எண்ணெய் புதிதாக இருக்கும்போது 230 டிகிரிக்கு மேல்தான் கொதிக்க வேண்டும் என்பது விதி. ஈரம் ஏறியபின் அந்த எல்லை 155 டிகிரிக்கு இறங்கிவிடும். கொதித்த எண்ணெயில் ஆவிக் குமிழ் தோன்றினால் பெடல் பஞ்சுபோல் அமுங்கும். பேட் எவ்வளவு உயர்ந்ததாயினும் பயனில்லை. மழையும் மூடுபனியும் மிகுந்த மலைப்பக்கத்தில், வண்டியின் கையேடு சொல்லும் காலத்தில், பொதுவாக இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை, எண்ணெயை மாற்றிவிடுவது நன்று.

இனி வரும் மின்சாரக் கார்கள் இறக்கத்தின் ஆற்றலைப் பேட்டரிக்குத் திருப்பி அனுப்புகின்றன. மரக்கட்டைக் காலம் முதல் வெப்பமாக வீணான அந்தச் செல்வத்தை மனிதன் மீட்கத் தொடங்கிவிட்டான். ஆனால் மலை உச்சியில் பேட்டரி ஏற்கெனவே நிறைந்திருந்தால் அதற்கும் இடமிருக்காது. அப்போதும் பேட்தான் வேலை செய்ய வேண்டும்.

ஆகவே அன்பர்களே, 50 லிட்டர் தண்ணீரைக் கொதிக்க வைக்கும் ஆற்றலை உள்ளங்கை அளவுள்ள நான்கு துண்டுகளிடம் மட்டும் ஒப்படைத்துவிட்டு இறங்காதீர்கள். தகுந்த பேடைத் தேர்ந்தெடுங்கள். உரிய காலத்தில் மாற்றுங்கள். கீழ் கியரில் இறங்கி எஞ்சினுக்கும் அதன் பங்கைக் கொடுங்கள். தானியங்கி கியர் வண்டியிலும் கீழ் கியரைத் தேர்ந்தெடுக்க வழி உண்டு. அதைக் கையேட்டில் பார்த்துக்கொள்ளுங்கள். இடையில் எரிந்த வாடை வந்தால், பாதுகாப்பான இடத்தில் நிறுத்தி, பிரேக் ஆறும் வரை காத்திருங்கள். சூடான டிஸ்க்கின்மேல் தண்ணீரை ஊற்ற வேண்டாம். கால் மணி நேரம் போனால் போகட்டும். அடிவாரத்து ஊர் எங்கும் ஓடிவிடாது.